காகிதச் செல்வம்

மேற்கே ஏலமலையும் கிழக்கே வருசநாட்டு மலையும் அரணாக நிற்க, கூடலூரிலிருந்து தேனி வரையில் நீண்டு கிடப்பது கம்பம் பள்ளத்தாக்கு. முல்லைப் பெரியாறு அதன் நடுவே ஓடுகிறது. ஆனி, ஆடித் திங்கள்களில் மலைக்கு அப்பால் கேரள நாட்டில் பெருமழை கொட்டும். அதன் மிச்சம் முகடு கடந்து வந்து எங்கள் வயல்களில் சாரலாக விழும். நாற்று நடும் பெண்கள் கொங்காணி போட்டுக்கொண்டு குனிந்தபடியே வேலை செய்வர். ஆண்டுதோறும் காணும் காட்சிதான் இது. ஆனால், இச்சாரலை ஓவியமாக எழுதுக என்று ஒருவர் கேட்டால் என்ன செய்வது? மேகத்தை எழுதலாம், நனைந்த மரத்தை எழுதலாம், குடையை எழுதலாம். மழையை எழுதுவது எங்ஙனம்? அதற்கு நிறமும் இல்லை. நிலைத்த உருவமும் இல்லை.

இவ்வினாவுக்கு ஜப்பானிய ஓவியர் ஒருவர் விடை கண்டார். அவர் பெயர் ஹிரோஷிகே. 1857-ஆம் ஆண்டில் அவர் ஆக்கிய படம் ஒன்றில் அகன்ற ஆறும், அதன் குறுக்கே ஒரு மரப்பாலமும் உள்ளன. திடீரென்று மழை பிடித்துக்கொண்டது. பாலத்தின்மேல் சிலர் தலையைத் தாழ்த்திக்கொண்டு விரைகின்றனர். ஆற்றில் தன்னந்தனியாக ஒருவன் தெப்பம் தள்ளிச் செல்கிறான். வானத்திலிருந்து நீர்ப்பரப்பு வரையில் மயிரிழை போன்ற கருங்கோடுகள் நூற்றுக்கணக்கில் இறங்குகின்றன. அக்கோடுகள் எல்லாம் ஒரே சாய்வில் இல்லை; இரு வேறு சாய்வுகளில் ஒன்றன்மேல் ஒன்று விழுகின்றன. அவ்வளவுதான்; படத்தில் மழை பெய்கிறது! ஓர் ஓவிய நூலில் அதன் நகலை முதன்முதலாகக் கண்டபோது, எங்கள் ஊர்ச் சாரலை எவரோ கடல் கடந்து போய் எழுதி வைத்தது போல எனக்குத் தோன்றியது. அன்று பிறந்த ஆர்வம் இன்றும் தணியவில்லை.

அது தூரிகையால் துணியில் தீட்டிய ஓவியம் அன்று. மரக்கட்டையில் செதுக்கித் தாளில் ஒற்றி எடுத்த அச்சுப்படம். ஜப்பானியர் இவ்வகைப் படங்களை 'உக்கியோ-எ' என்பர். 'மிதக்கும் உலகின் படங்கள்' என்பது அதன் பொருள். இன்றைய டோக்கியோ நகரம் எடோ என்று வழங்கிய காலத்தில், அந்நகரத்து மக்களின் அன்றாடக் களிப்புகளை எழுத எழுந்த கலை இது. நாடக நடிகர், மல்லர், அழகியர், விழாக்கள், பயண வழிகள், மலைகள், பறவைகள் ஆகிய எல்லாம் அதில் இடம் பெற்றன.

ஒரு படத்தை ஆக்க நால்வர் வேண்டும். பதிப்பாளர் முதலிட்டு வேலையைத் தொடங்குவார். ஓவியர் மெல்லிய தாளில் கரிய மையால் கோட்டுப் படம் எழுதித் தருவார். செதுக்குவோர் அத்தாளைச் செர்ரி மரப் பலகையின்மேல் முகம் கவிழ ஒட்டி, கோடுகளை மட்டும் விட்டு மற்ற இடங்களைக் குடைந்து எடுப்பார். இவ்வேலையில் ஓவியர் எழுதிய மூலப்படம் அழிந்தே போகும். விதை அழிந்து பயிர் எழுவது போல, மூலம் அழிந்து நகல்கள் பிறக்கின்றன. பின்னர் ஒவ்வொரு நிறத்துக்கும் ஒரு பலகை தனியாகச் செதுக்கப்படும். அச்சிடுவோர் அரிசிப் பசை கலந்த நீர்வண்ணத்தைப் பலகையில் தடவி, முசுக்கட்டை இனத்து மரப்பட்டையில் செய்த ஈரத்தாளை அதன்மேல் இட்டு, மூங்கில் மடலால் பொதிந்த வட்டத் திண்டினால் முதுகுப்புறம் தேய்ப்பார். அச்சுப்பொறி ஏதும் இல்லை. கையின் அழுத்தமே பொறி. பத்துப் பலகைகளில் மாறி மாறி வைத்தாலும் தாள் மயிரிழையும் நகராமல் இருக்க, ஒவ்வொரு பலகையின் ஓரத்திலும் இரண்டு அடையாள வெட்டுகள் இருக்கும். 1765-ஆம் ஆண்டளவில் ஹருநொபு என்பவர் காலத்தில் இப்பன்னிற அச்சு முழுமை பெற்றது. சரிகைப் பட்டைப் போல் இருந்தமையால் அதற்குப் 'பட்டுப் படம்' என்று பொருள்படும் பெயரை மக்கள் வழங்கினர்.

இக்கலையின் பெரும்புகழ் வாய்ந்தவர் ஹோக்குசாய். 1760-இல் பிறந்து 1849 வரை வாழ்ந்தவர். எழுபது வயதை ஒட்டிய பருவத்திலேதான் அவர் 'ஃபூஜி மலையின் முப்பத்தாறு காட்சிகள்' என்னும் படவரிசையைத் தொடங்கினார். மக்கள் விரும்பி வாங்கவே மேலும் பத்துப் படங்கள் சேர்ந்தன. ஆனாலும் பெயர் முப்பத்தாறாகவே நின்றுவிட்டது. உலகெங்கும் அறிந்த 'பேரலை' அவ்வரிசையில் ஒன்று. கொக்கி போன்ற நுரை விரல்களை நீட்டி எழும் அலையின் அடியில் மூன்று படகுகள். தொலைவில், அலைக்கும் சிறியதாக, அமைதியாய் மலை. ஐரோப்பாவிலிருந்து அப்போது வந்து சேர்ந்திருந்த 'பிரஷ்ய நீலம்' என்னும் சாயமே அக்கடலுக்கு அத்தனை ஆழத்தைத் தந்தது.

பேரலையைவிட எனக்கு உவப்பான படம் அதே வரிசையில் வேறொன்று உண்டு. தொட்டி செய்யும் தொழிலாளி ஒருவன் பெரிய மரத்தொட்டியின் உள்ளே நின்று பலகையை இழைக்கிறான். தொட்டிக்கு இன்னும் அடிப்பாகம் இடவில்லை. அவ்வட்டத்தின் வழியே நோக்கினால், வயலுக்கு அப்பால், கை நகம் அளவில் ஃபூஜி மலை தெரிகிறது. அவன் மலையைப் பார்க்கவில்லை, வேலையைப் பார்க்கிறான். மலையடிவாரத்தில் வாழ்பவர்க்கு இதன் உண்மை விளங்கும். எங்கள் பள்ளத்தாக்கில் எத்திசையில் திரும்பினும் மலைதான். திராட்சைப் பந்தலின் கீழ்க் கவாத்துச் செய்பவனும், ஏலத்தோட்டத்துக்குச் செல்ல விடியலில் ஊர்திக்குக் காத்து நிற்கும் பெண்ணும் அதனை அண்ணாந்து பார்ப்பதில்லை. ஆயினும் மலை அவர்களோடு இருக்கிறது.

இத்துணைச் சிறப்புடைய படங்கள் அக்காலத்தில் என்ன விலைக்கு விற்றன என்று நினைக்கிறீர்கள்? ஒரு கிண்ணம் சிற்றுண்டியின் விலைதான்! கூலியாளும் வாங்கினான், வெளியூரிலிருந்து வந்தவன் ஊருக்குக் கொண்டுபோகும் பொருளாகவும் வாங்கினான். சுவரிலும் தட்டியிலும் ஒட்டினார்கள்; குழந்தைகள் கிழித்தார்கள்; மங்கியதும் எறிந்தார்கள். நடிகர் படங்கள், இன்று திரைப்படச் சுவரொட்டிகள் பெறும் மதிப்பையே பெற்றன. நாடகம் முடிந்தால் படமும் பழையதாயிற்று. மேல்நாட்டுக்குச் சென்ற பீங்கான் கலங்கள் உடையாதிருக்க, அவற்றைச் சுற்றி வைத்த தாள்களில் இப்படங்களும் இருந்தன என்று ஒரு கதை உண்டு. கதையோ உண்மையோ, அப்படி நடந்திருக்கக்கூடும் என்று எல்லாரும் நம்பினார்கள் என்பதே போதும்.

1853-இல் அமெரிக்கப் போர்க்கப்பல்கள் எடோ விரிகுடாவில் வந்து நின்றன. நெடுங்காலம் அடைத்திருந்த ஜப்பானியக் கதவு திறந்தது. 1868-இல் ஆட்சி மாறியது. புதுமையின் வேகம் நாட்டைப் பிடித்துக்கொண்டது. பழையன எல்லாம் பயனற்றவை என்ற எண்ணம் பரவியது. 1876-இல் வாள் அணிவதற்குத் தடை வந்தபோது, தலைமுறை தலைமுறையாக வாளின் கைப்பிடிக் காவல்தட்டுகளில் பொன்னும் செம்பும் இழைத்து வேலை செய்த கம்மியர் பிழைக்க வழியின்றி நின்றனர். அத்தட்டுகள் கடைத்தெருவில் குவிந்தன. ஜப்பானியரின் பழைய உடையில் பை கிடையாது. பணப்பையையும் மருந்துச் சிமிழையும் கயிற்றில் கட்டி இடைக்கச்சில் தொங்கவிடுவர். கயிறு நழுவாதிருக்க மறுமுனையில் ஒரு சிறு குமிழ் வேண்டும். அதன் பெயர் நெட்சுகே. எங்கள் ஊர்ப் பாட்டிமார் இடுப்பில் செருகும் சுருக்குப்பையை நினைத்துக்கொண்டால் இதன் தேவை புரியும். அந்தக் கட்டைவிரலளவு குமிழில், தந்தத்திலும் மரத்திலும், உறங்கும் எலி, உரித்த பழம், குழந்தையைத் தூக்கிய குரங்கு என உலகையே செதுக்கி வைத்தார்கள். சட்டையும் பையும் வந்தன. குமிழ் வேலையற்றுப் போயிற்று. அன்னிய வணிகர் அவற்றைக் கூடை கூடையாக வாரிச் சென்றனர்.

வாரிச் செல்வது வேறு. தேர்ந்து சேர்ப்பது வேறு. இவ்வேறுபாட்டை நான் உணர்ந்தது எட்வர்டு மோர்ஸ் என்னும் அமெரிக்கரின் வரலாற்றிலிருந்து. அவர் கலைஞர் அல்லர், விலங்கியல் அறிஞர். 1877-இல் அவர் ஜப்பானுக்குச் சென்றது சிப்பி போன்ற ஒருவகைக் கடலுயிரை ஆராய்வதற்காக. இரயில் வண்டியில் டோக்கியோ நோக்கிச் செல்லும்போதே, ஓமோரி என்னும் இடத்தில் பாதையோரமாக வெட்டுண்டு கிடந்த மண்மேட்டில் பழங்காலச் சிப்பிக் குவியலைக் கண்டுகொண்டார். அங்கே அகழ்ந்து பழைய மட்கலங்களை எடுத்தார். சிப்பியை நாடிச் சென்றவர் கலத்தில் சிக்கினார். பூச்சிகளையும் சிப்பிகளையும் வகைப்படுத்தும் முறையிலேயே, எந்த நாட்டுப்பகுதி, எந்தச் சூளை, எந்தக் குயவரின் முத்திரை என்று பிரித்துக் குறித்து, 5,000-க்கு மேற்பட்ட கலங்களைச் சேர்த்தார். 1892-இல் அத்தொகுப்பு பாஸ்டன் நகரத்து நுண்கலை அருங்காட்சியகத்தை அடைந்தது.

மோர்ஸைத் தொடர்ந்து, 1878-இல் மெய்யியல் கற்பிக்கச் சென்றவர் எர்னெஸ்ட் பெனலோசா. 1882-இல் சென்றவர் வில்லியம் பிகலோ என்னும் மருத்துவர். பிகலோ ஏழாண்டுகள் அங்கே தங்கினார், பௌத்தம் தழுவினார். அவர் திரட்டிய பொருள்கள் பல்லாயிரம். மர அச்சுப்படங்கள் மட்டுமே 30,000-க்கு மேற்பட்டவை. 1911-இல் எல்லாவற்றையும் பாஸ்டனுக்கே கொடையாகத் தந்தார். 1926-இல் அவர் இறந்தபின் அவருடைய சாம்பலில் ஒரு பகுதி, ஜப்பானில் பீவா ஏரிக்கரையில் உள்ள மடத்தில், அவருக்கு முன்பே மறைந்த பெனலோசாவின் சாம்பலுக்கு அருகே புதைக்கப்பட்டது. பொருள்கள் பாஸ்டனில், அவற்றைக் கொண்டுசென்றவர்கள் ஜப்பானில்!

தொகுப்பது என்பது அடுக்கி வைப்பது மட்டும் அன்று. உற்று நோக்குவதே அதன் பாதி. ஒரே மரப்பலகையிலிருந்து நூறாவது படமும் ஆயிரமாவது படமும் பிறக்கின்றன. இரண்டும் ஒன்றல்ல. அச்சிட அச்சிடப் பலகையின் கூர்மையான வரைகள் தேயும். மெல்லிய கோடு ஓரிடத்தில் முறியும். முறிவு இல்லாத தாள் முந்தியது. முறிவு உள்ள தாள் பிந்தியது. இவ்வாறு ஒரு சிறு முறிவைக் கொண்டே படங்களை வரிசைப்படுத்துகிறார்கள். வானத்தின் மேல்விளிம்பில் நீலம் அடர்ந்து தொடங்கிச் சிறிது சிறிதாக வெளுக்கும் வேலை, அச்சிடுவோர் ஒவ்வொரு முறையும் பலகையில் வண்ணத்தைக் கையால் துடைத்துச் செய்வது. அவசரப் பதிப்பில் அது பட்டையாக நின்றுவிடும். 1790 முதல் ஒவ்வொரு படமும் தணிக்கையாளர் முத்திரை பெறவேண்டும் என்பது சட்டம். ஆகவே, ஓரத்தில் உள்ள சிறு முத்திரையும், பதிப்பாளர் குறியும் காலத்தைச் சொல்லும் சாட்சிகள். ஓரத்தை வெட்டிச் சட்டமிட்டவர்கள் அச்சாட்சிகளையே வெட்டிவிட்டார்கள். ஷாரக்கு என்னும் ஓவியர் 1794-95-இல் ஏறத்தாழப் பத்துத் திங்கள் மட்டும் நடிகர்களின் முகங்களை எழுதினார். ஏறக்குறைய 140 படங்கள். பிறகு அவர் பெயரே எங்கும் காணவில்லை. அவர் யார் என்ற வழக்கை அறிஞர்கள் இன்றும் நடத்துகின்றனர். வழக்கில் பேசும் சாட்சிகள் அத்தாள்களே.

வண்ணங்களைப் பற்றி ஒன்று சொல்லவேண்டும். குசும்பப் பூவின் சிவப்பும், ஒருவகைக் காட்டுப்பூவின் நீலமும் வெயிலுக்கு ஆற்றா. சுவரில் மாட்டிய படத்தில் ஊதா நிற வானம் சில ஆண்டுகளில் பழுப்பாகிவிடும். ஸ்பால்டிங் என்னும் குடும்பப் பெயருடைய உடன்பிறந்தார் இருவர் 6,000-க்கு மேற்பட்ட சிறந்த படங்களைத் தொகுத்து 1921-இல் பாஸ்டன் அருங்காட்சியகத்துக்குத் தந்தனர். அவர்கள் இட்ட நிபந்தனை விந்தையானது: இப்படங்களை எந்நாளும் பொதுக்காட்சியில் வைத்தல் ஆகாது! காட்டுவதற்கென்று அமைந்த இடத்துக்கு, காட்டாதே என்று கட்டளை. முதலில் இது கருமித்தனமாகவே எனக்குப் பட்டது. ஆனால், ஒளி படாமையால் நூற்றைம்பது இருநூறு ஆண்டுக்கு முற்பட்ட நிறங்கள் அச்சான அன்றைய நிலையிலேயே அங்கே உறங்குகின்றன. மற்ற தொகுப்புகளில் வெளுத்துப் போன படம் முதலில் எப்படி இருந்தது என்று அறியவேண்டுமானால், அவ்விருட்டறைப் படத்தோடு ஒப்பிட்டே அறிகின்றனர். இன்று அவற்றின் ஒளிப்பட நகல்களைக் கணினித் திரையில் எவரும் காணலாம். கம்பத்தில் இருந்துகொண்டே நானும் கண்டேன்.

இவற்றையெல்லாம் படிக்கும்போது நெஞ்சில் ஒரு முள் உறுத்தாமல் இல்லை. ஜப்பானியர் வீட்டுப் பொருள் அமெரிக்கர் வீட்டில் இருப்பதா? பெனலோசாவும் அவருடைய மாணவர் ஒகாகுராவும் இவ்வுறுத்தலை அறிந்தவர்கள். இருவரும் ஊர் ஊராகச் சென்று கோயில்களில் இருந்த பழம்பொருள்களைப் பதிவு செய்தார்கள். 1897-இல் பழங்கோயில்களையும் அவற்றின் செல்வங்களையும் காக்கும் சட்டம் ஜப்பானில் பிறந்தது. ஆனால், அச்சட்டம் காத்தது கோயிற் செல்வத்தை. காசுக்கு விற்ற காகிதப் படத்தைக் காக்க எந்தச் சட்டம் இருந்தது? வான் கோ என்னும் டச்சு ஓவியர் அவற்றை நூற்றுக்கணக்கில் வாங்கித் தம் அறையில் தொங்கவிட்டு, 1887-இல் ஹிரோஷிகேயின் அந்த மழைப் படத்தையே எண்ணெய் வண்ணத்தில் படியெடுத்தார். அயலார் மதித்த பிறகே உள்ளூரார் திரும்பிப் பார்த்தனர். இன்று நிலைமை வேறு. பீட்டர் மோர்ஸ் என்னும் அமெரிக்க அறிஞர் அரிதில் சேர்த்த ஹோக்குசாய் படங்களை, அவர் மறைவுக்குப் பின், ஹோக்குசாய் பிறந்த சுமிதா வட்டாரத்து மக்களாட்சி மன்றமே விலைக்கு வாங்கிற்று. 2016-இல் அவற்றுக்கென அங்கே ஓர் அருங்காட்சியகம் திறந்தனர். 2024-இல் வெளியான ஆயிரம் யென் பணத்தாளின் பின்புறத்தில் பேரலை அச்சாகியிருக்கிறது. சிற்றுண்டி விலைக்கு விற்ற படம், இன்று சிற்றுண்டி வாங்கக் கொடுக்கும் பணத்திலேயே ஏறிவிட்டது.

பாஸ்டன் அருங்காட்சியகத்தில் தமிழர் ஒருவருக்கும் நெடிய தொடர்பு உண்டு. ஒகாகுரா 1902-இல் இந்தியா வந்து தாகூர் குடும்பத்தாரோடு பழகியவர். 1904 முதல் 1913-இல் இறக்கும் வரையில், இடையிடையே தாய்நாடு சென்று வந்தாலும், பாஸ்டனில் ஜப்பானிய, சீனக் கலைத்தொகுப்புகளை ஆராய்ந்தவர். அவர் மறைந்து நான்காண்டுகள் கழித்து, 1917-இல், அதே அருங்காட்சியகத்தில் இந்தியக் கலைப்பகுதியின் காப்பாளராக வந்தவர் ஆனந்த குமாரசாமி. கொழும்பில் 1877-இல் பிறந்தவர். தந்தை இலங்கைத் தமிழரான சர் முத்துக் குமாரசாமி. தாய் ஆங்கிலப் பெண்மணி. அவரும் முதலில் கலைஞர் அல்லர், மண்ணூல் வல்லுநர். இலங்கையின் கனிமங்களை அளந்தறியும் பணியில் தலைவராக ஊர் ஊராக நடந்தபோது, கல்லைத் தேடிய கண்ணில் கைவினை பட்டது. கொல்லரும் தச்சரும் நெசவாளரும் தலைமுறைகளாகக் காத்த வேலைப்பாடுகள், இறக்குமதிச் சரக்கின்முன் தோற்று மறைந்துகொண்டிருந்தன. சிப்பியைத் தேடிய மோர்ஸ் கலத்தைக் கண்டதும், கல்லைத் தேடிய குமாரசாமி கலையைக் கண்டதும் ஒரே வகையான கதைகள் அல்லவா? வகைப்படுத்தப் பழகிய கண் எங்கே சென்றாலும் சும்மா இராது போலும்! 1908-இல் சிங்களக் கலைகளைப் பற்றிய பெருநூலைத் தாமே மேற்பார்வையிட்டு அச்சிட்டார்.

பிறகு அவர் வட இந்தியாவில் சுற்றி, கடைகளிலும் வீடுகளிலும் கேட்பாரற்றுக் கிடந்த சிறு ஓவியங்களைத் தொகுத்தார். அக்காலத்தில் அவ்வகை ஓவியம் எதுவாயினும் மொகலாயர் ஓவியம் என்று ஒரே மூட்டையாகக் கட்டி வைத்திருந்தார்கள். குமாரசாமி அம்மூட்டையை அவிழ்த்து, இராசபுத்திர ஓவியம் தனி மரபு என்று 1916-இல் வெளியான நூலில் நிறுவினார். இந்தியாவிலேயே தேசிய அருங்காட்சியகம் ஒன்று அமையுமானால் தம் தொகுப்பைத் தந்துவிடவும் அவர் முன்வந்தார். அம்முயற்சி கைகூடவில்லை. டென்மன் ராஸ் என்னும் பாஸ்டன் செல்வர் அத்தொகுப்பை வாங்கி அருங்காட்சியகத்துக்கு அளித்தார்; தொகுப்போடு தொகுத்தவரும் சென்றார். 1947 செப்டம்பரில், நாம் விடுதலை பெற்று ஒரு திங்கள் கூட நிறையாத காலத்தில், அவர் அங்கேயே உயிர் நீத்தார். ஒரு கட்டடம் எழுப்பாமையால் நாம் இழந்தது ஓவியங்களை மட்டுமா? இவ்வினா என்னை ஜப்பானியர் கதையைவிட ஆழமாக வருத்துகிறது.

காகிதப் படங்கள் நம்மிடமும் உண்டு. சிவகாசியில் தீப்பெட்டித் தொழில் 1920களில் வேரூன்றுவதற்கு முன், இந்தியாவில் விற்ற தீப்பெட்டிகளில் பெரும்பகுதி ஸ்வீடனிலிருந்தும் ஜப்பானிலிருந்தும் வந்தவை. இந்தியர் விரும்பி வாங்குவதற்காக ஜப்பானியர் யானையையும் மயிலையும் நம் தெய்வங்களையும் தீப்பெட்டிச் சீட்டில் அச்சிட்டு அனுப்பினர். படம் அச்சிடுவதில் அவர்களுக்கு இருந்த நெடும்பழக்கம் அதில் விளங்கும். சீட்டு அச்சிடத் தொடங்கிய சிவகாசி, பின்னர் நாட்காட்டிக்கும் பெயர் பெற்றது. கோவில்பட்டியில் வாழ்ந்த கொண்டைய ராஜு (1898-1976) எழுதிய மீனாட்சி திருக்கல்யாணமும் கஜலட்சுமியும் நாட்காட்டிகளாகத் தமிழகத்து வீடுகளில் எல்லாம் தொங்கின. ஹோக்குசாயின் படம் போலவே அவையும் எளிய விலைப் பொருள். ஆண்டு முடிந்தால் கழற்றப்படுபவை. அவருடைய படங்களை ஊன்றி ஆராய்ந்து நூல் எழுதியவர்களுள் குறிப்பிடத்தக்கவர் ஸ்டீபன் இங்கிலிஸ் என்னும் கனடா நாட்டு அறிஞர். மோர்ஸும் பெனலோசாவும் நினைவுக்கு வருகின்றனர் அல்லவா?

எங்கள் பள்ளத்தாக்கில் தேநீர்க் கடையிலும் வீட்டுக் கூடத்திலும் தெய்வப் படங்களுக்கு அருகே ஓர் ஆங்கிலேயரின் படமும் மாட்டியிருக்கும். 1895-இல் பெரியாற்று அணையை முடித்து, மேற்கே ஓடிய நீரைக் கிழக்கே திருப்பிய பென்னிகுயிக் அவர். பொங்கலன்று அப்படத்துக்கு மாலை விழும். கருப்பு வெள்ளை ஒளிப்படம் ஒன்றிலிருந்து பிறந்து, ஒன்றில் மீசை அடர்ந்தும், ஒன்றில் பின்னால் அணைக்கட்டு சேர்ந்தும், ஒன்றில் சட்டையின் நிறம் மாறியும் பல வகையாக அப்படம் உலவுகிறது. அடியில் படத்தைத் தந்த கடையின் பெயர் பெரிய எழுத்தில் இருக்கும். எழுதியவர் பெயர் இராது. ஜப்பானியப் படத்தில் ஓவியர் பெயரும் பதிப்பாளர் குறியும் தவறாமல் இருந்தமையாலேயே அவர்கள் வரலாறு எழுத முடிந்தது என்பதை இவ்விடத்தில் நான் எண்ணாதிருப்பதில்லை.

என்னிடம் ஒரு குறிப்பேடு இருக்கிறது. அதில் தீப்பெட்டிச் சீட்டுகளையும் பழைய நாட்காட்டிப் படங்களையும் ஒட்டாமல், மூலைகளில் தாளால் செருகி வைத்திருக்கிறேன். ஒட்டினால் பின்புறம் மறைந்துவிடும். ஒவ்வொன்றின் அருகிலும் கிடைத்த ஊர், நாள், அச்சகத்தின் ஊர் ஆகியவற்றைப் பென்சிலால் குறிக்கிறேன். தோட்டத்துக் கொட்டகையில் கிடைத்தவை சில. சின்னமனூர்ச் சந்தையில் பழைய தாள் விற்பவரிடம் எடைக்கு வாங்கியவை பல. அவற்றில் ஒரே யானைச் சீட்டு இரண்டு உண்டு. கையில் எடுத்துப் பார்ப்பவர் இரண்டும் ஒன்றே என்பர். உருப்பெருக்கியை வைத்துப் பார்த்தால், ஒன்றில் சிவப்பு நிறம் துதிக்கையின் கோட்டுக்கு வெளியே நூலளவு நகர்ந்திருக்கிறது. மற்றொன்றில் கோட்டுக்குள்ளேயே நிற்கிறது. ஆனால் அதன் வலக்கண்ணில் ஒரு புள்ளி குறைகிறது. எது முந்தியது, எது பிந்தியது என்று நானும் என் மாணவர் சிலரும் சென்ற கோடை விடுமுறை முழுவதும் வாதிட்டோம். மூன்றாவது யானை ஒன்று கிடைத்தால் வழக்கு முடியும். போடியில் ஒரு பலசரக்குக் கடையின் பரணில் பழைய கட்டு ஒன்று இருப்பதாகக் கேள்வி. வரும் சனிக்கிழமை அங்கே போகிறோம்.